விசாரணைக்கு முன்பே ஒரு தீர்ப்பு: பாலியல் வன்கொடுமை வழக்குகளை ரத்து செய்யும்போது சம்மதம் எப்படி எடைபோடப்படுகிறது?

பாலியல் வன்கொடுமை வழக்கு என்றதும் சாட்சிக் கூண்டும் குறுக்கு விசாரணையும் கடைசியில் வரும் தண்டனையோ விடுதலையோதான் நம் நினைவுக்கு வரும். பல வழக்குகள் அந்தக் கூண்டு வரை போவதே இல்லை. குற்றம் சாட்டப்பட்டவர் உயர் நீதிமன்றத்துக்குப் போய், முதல் தகவல் அறிக்கையையோ குற்றப்பத்திரிகையையோ ரத்து செய்யக் கோரி மனுப்போடுகிறார். வழக்கறிஞர்கள் பேச்சில் இது 'குவாஷ் மனு'. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 482-ஆம் பிரிவு இதற்கு இடம் தந்தது. 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 528-ஆம் பிரிவு அதே அதிகாரத்தைத் தருகிறது. இன்னொரு வழி, விசாரணை நீதிமன்றத்திலேயே, குற்றச்சாட்டு வனையப்படுவதற்கு முன், தன்னை விடுவிக்கக் கேட்பது.

இரண்டு வழிகளிலும் அடிக்கடி சொல்லப்படும் காரணம் ஒன்றே: நடந்தது இருவரின் சம்மதத்தோடு நடந்தது. அந்த நேரத்தில் நீதிபதியின் மேசையில் இருப்பவை காகிதங்கள் மட்டுமே. புகார், நடுவர் முன்பு பெண் கொடுத்த வாக்குமூலம், மருத்துவச் சான்று, வாட்ஸ்அப் உரையாடல்களின் அச்சுப் பிரதி, சில வேளைகளில் இருவரும் சேர்ந்து எடுத்துக்கொண்ட படங்கள். புகார் கொடுத்த பெண் இன்னும் கூண்டில் ஏறவில்லை. அவர் சாட்சியத்தை எந்த நீதிபதியும் கேட்கவில்லை. இந்த நிலையில், அவர் சம்மதித்தாரா இல்லையா என்று நீதிமன்றம் முடிவு சொல்லலாமா? சொல்லலாம் என்றால் எதை வைத்துச் சொல்வது?

இந்திய நீதிமன்றங்கள் இந்தக் கேள்விக்குச் சொன்ன விடைகளை வரிசையாகப் பார்த்தால் ஒரு மாற்றம் தெரிகிறது. ஒரு காலத்தில் பெண்ணின் உடலில் காயம் தேடினார்கள். காயம் இல்லையென்றால் சம்மதம் என்றார்கள். சட்டம் திருத்தப்பட்டு அந்த வழி அடைபட்டது. இன்று உறவு எத்தனை ஆண்டு நீடித்தது என்று எண்ணுகிறார்கள். நீண்டிருந்தால் சம்மதம் என்கிறார்கள். முந்தையதில் பிழை என்று ஒப்புக்கொண்டதையே வேறு வடிவத்தில் திரும்பச் செய்துவிடும் ஆபத்து இதில் இருக்கிறது. பொய்ப் புகாரில் சிக்கியவரைக் காக்க ரத்து செய்யும் அதிகாரம் வேண்டும். அந்த அதிகாரத்தின் எல்லை எது என்பதே இந்தக் கட்டுரையின் கவலை.

தொடக்க நிலையின் அளவுகோல்

ரத்து செய்யும் அதிகாரத்துக்கு இலக்கணம் வகுத்தது 1990-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்த பஜன்லால் வழக்கு. அது ஏழு வகைச் சூழல்களைப் பட்டியலிட்டது. புகாரில் உள்ளதை அப்படியே உண்மை என்று எடுத்துக்கொண்டாலும் குற்றம் எதுவும் ஆகவில்லை என்றால் ரத்து செய்யலாம். குற்றச்சாட்டு எந்த அறிவுள்ளவரும் நம்ப முடியாதபடி அபத்தமாக இருந்தாலோ, பழிவாங்கும் நோக்கம் வெளிப்படையாகத் தெரிந்தாலோ ரத்து செய்யலாம். இந்த அதிகாரத்தை அரிதாக, மிகக் கவனமாகக் கையாள வேண்டும் என்றும் அதே தீர்ப்பு எச்சரித்தது. 2021-இல் நீஹாரிகா இன்ஃப்ராஸ்ட்ரக்சர் வழக்கில் மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு இந்த எச்சரிக்கையை மறுபடியும் அழுத்திச் சொன்னது.

விடுவிப்பு மனுவுக்கும் ஏறக்குறைய இதே தர்க்கம்தான். 1978-இல் பிரபுல்ல குமார் சாமல் வழக்கில், குற்றச்சாட்டு வனையும் கட்டத்தில் நீதிபதி ஆதாரங்களைச் சலித்துப் பார்க்கலாம், ஆனால் முழு விசாரணை நடத்துவதுபோல எடைபோடக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. வலுவான சந்தேகம் எழுந்தால் போதும், வழக்கு நடக்க வேண்டும். 2004-இல் தேவேந்திரநாத் பாதி வழக்கு இன்னும் கறாராக, குற்றச்சாட்டு வனையும் கட்டத்தில் குற்றம் சாட்டப்பட்டவர் தன் தரப்பு ஆவணங்களைக் காட்ட இடமில்லை என்றது.

இந்தக் கறார் எல்லா வழக்கிலும் நியாயமாக இருக்காது. மறுக்கவே முடியாத ஆவணம் ஒருவர் கையில் இருக்கும்போது, பல ஆண்டுகள் வழக்காடிய பிறகுதான் அதைக் காட்டலாம் என்று சொல்வது அவருக்கு இழைக்கும் அநீதி. 2013-இல் ராஜீவ் தாபர் வழக்கில் உச்ச நீதிமன்றம் உயர் நீதிமன்றங்களுக்கு நான்கு படிகளை வகுத்தது. குற்றம் சாட்டப்பட்டவர் காட்டும் ஆவணம் ஐயத்துக்கு இடமில்லாத தரத்தில் இருக்க வேண்டும். அது குற்றச்சாட்டின் அடிப்படையையே தகர்க்க வேண்டும். புகார்தாரரால் அதை மறுக்க முடியாதிருக்க வேண்டும். வழக்கைத் தொடர்வது நீதிமன்ற நடைமுறையையே தவறாகப் பயன்படுத்துவதாக ஆக வேண்டும். நான்கும் பொருந்தினால் மட்டுமே ரத்து.

அதே ஆண்டில் தீர்ப்பான பிரசாந்த் பாரதி வழக்கு இந்த அளவுகோல் சரியாகப் பொருந்திய இடம். தில்லியில் 2007 பிப்ரவரியில் ஒரு பெண் கொடுத்த முதல் புகார், குறிப்பிட்ட நாளில் குறிப்பிட்ட இடத்தில் தனக்கு மயக்கம் தரும் பொருள் கலந்த குளிர்பானம் தரப்பட்டது என்பது. சில நாள் கழித்து, திருமணம் செய்வதாகச் சொல்லி அதற்கு முன்பே உறவு கொண்டார் என்று கூடுதல் வாக்குமூலம் வந்தது. காவல்துறையே திரட்டிய கைபேசி விவரங்கள், புகாரில் சொன்ன நேரத்தில் இருவருமே அந்த இடத்தில் இல்லை என்று காட்டின. உறவு நடந்ததாகச் சொன்ன நாட்களில் அந்தப் பெண் சட்டப்படி திருமணமானவர், அந்தத் திருமணம் இன்னும் முறியவில்லை என்பதும் ஆவணத்தில் இருந்தது. இவை எவையும் குற்றம் சாட்டப்பட்டவரின் வாய்ச்சொல் அல்ல. பெண்ணின் குணம், பழக்கவழக்கம் பற்றிய ஊகமும் இங்கே தேவைப்படவில்லை. உச்ச நீதிமன்றம் வழக்கை ரத்து செய்தது. ஆவணம் பேசும்போது ரத்து செய்வது எப்படி இருக்கும் என்பதற்கு இது நல்ல முன்மாதிரி.

காயத்தைத் தேடிய காலம்

சம்மதம் பற்றிய சட்டப் பொருளும் ஒரே நாளில் வந்ததில்லை. 1958-லேயே பஞ்சாப் உயர் நீதிமன்றம், ராவ் ஹர்நாராயண் சிங் வழக்கில், வேறு வழியின்றிப் பணிந்துபோவது சம்மதம் ஆகாது என்று தெளிவாகச் சொல்லிவிட்டது. இருந்தும் அடுத்த பல ஆண்டுகள் நீதிமன்றங்கள் பெண்ணின் உடலில் போராட்டத்தின் தடயத்தைத் தேடிக்கொண்டிருந்தன.

அதன் உச்சம் 1978-இல் வந்த துக்காராம் வழக்குத் தீர்ப்பு. 1972-இல் மகாராஷ்டிரத்தில், காவல் நிலையத்துக்குள் ஒரு பழங்குடிச் சிறுமிக்கு இரண்டு காவலர்கள் இழைத்த கொடுமை அது. செஷன்ஸ் நீதிமன்றம் விடுவித்தது. பம்பாய் உயர் நீதிமன்றம் தண்டித்தது. உச்ச நீதிமன்றம் மறுபடி விடுவித்தது. உடலில் காயம் இல்லை, எதிர்த்துப் போராடிய அறிகுறி இல்லை என்பது முக்கியக் காரணம். இரவில், காவல் நிலையத்தில், சீருடை அணிந்தவர்களிடம் அகப்பட்ட ஓர் ஏழைச் சிறுமி எப்படிப் போராட முடியும் என்ற கேள்வி அந்தத் தீர்ப்பில் இடம்பெறவில்லை. 1979-இல் உபேந்திர பக்ஷி, வசுதா தகம்வார், ரகுநாத் கேல்கர், லோத்திகா சர்க்கார் ஆகிய நான்கு சட்டப் பேராசிரியர்கள் தலைமை நீதிபதிக்குத் திறந்த மடல் எழுதினார்கள். நாடெங்கும் பெண்கள் அமைப்புகள் தெருவுக்கு வந்தன. 1983-இல் சட்டம் திருத்தப்பட்டது. காவலிலும் அதிகாரப் பொறுப்பிலும் உள்ளவர்கள் மீதான வழக்குகளில், சம்மதிக்கவில்லை என்று பெண் சாட்சியம் சொன்னால் நீதிமன்றம் அதையே தொடக்க முடிவாகக் கொள்ள வேண்டும் என்ற 114ஏ பிரிவு சாட்சியச் சட்டத்தில் சேர்ந்தது.

பெண்ணின் நடத்தையைக் கிளறிச் சாட்சியத்தைக் குலைக்க இடம் தந்த 155(4) பிரிவு 2002-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டத்தால் நீக்கப்பட்டது. தில்லியில் ஓர் இளம்பெண்ணுக்கு இழைக்கப்பட்ட கூட்டு வன்கொடுமைக்குப் பின் நீதிபதி வர்மா குழு 2013 ஜனவரியில் அறிக்கை தந்தது. அதைத் தொடர்ந்து வந்த திருத்தம், சம்மதம் என்றால் என்ன என்பதை முதல்முறையாகச் சட்டத்திலேயே எழுதியது. சொல்லாலோ சைகையாலோ வேறு வழியிலோ, குறிப்பிட்ட அந்தச் செயலுக்குப் பெண் தெளிவாக, தன் விருப்பத்தோடு தெரிவிக்கும் உடன்பாடே சம்மதம். எதிர்த்துப் போராடவில்லை என்ற ஒன்றை மட்டும் வைத்துச் சம்மதம் என்று முடிவுகட்டக் கூடாது. பெண்ணின் முந்தைய பாலியல் அனுபவம் சம்மதத்தைத் தீர்மானிக்கப் பொருந்தாது. இப்போது இவையெல்லாம் பழைய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 63-ஆம் பிரிவிலும் புதிய சாட்சியச் சட்டத்திலும் தொடர்கின்றன.

இதில் கவனிக்க வேண்டியது, 'குறிப்பிட்ட அந்தச் செயலுக்கு' என்ற நிபந்தனை. நேற்று சம்மதித்தது இன்றைக்குச் செல்லாது. காதலித்ததும், சேர்ந்து ஊருக்குப் போனதும், ஒரே வீட்டில் தங்கியதும் தம்மளவில் சம்மதமாகிவிடாது. ஒவ்வொரு செயலையும் தனித்தனியாகப் பார்க்கச் சொல்கிறது சட்டம். ரத்து மனுக்களில் அடிக்கடி கைநழுவுவது இந்த நிபந்தனைதான்.

திருமண வாக்குறுதியும் நாட்களின் கணக்கும்

சம்மதம் பற்றிய ரத்து மனுக்களில் பெரிய வகை, திருமணம் செய்துகொள்வதாகச் சொல்லி உறவு கொண்டு பிறகு கைவிட்டார் என்ற புகார்கள். தண்டனைச் சட்டத்தின் 90-ஆம் பிரிவுப்படி, உண்மையைத் தவறாகப் புரிந்துகொண்டு தந்த சம்மதம் சம்மதம் ஆகாது. அது தவறான புரிதல் என்று எதிராளிக்கும் தெரிந்திருக்க வேண்டும். வாக்குறுதி அந்த வகையில் சேருமா என்பதே கேள்வி.

2003-இல் உதய் வழக்கில் உச்ச நீதிமன்றம் குற்றம் சாட்டப்பட்டவரை விடுவித்தது. அந்தப் பெண் விவரம் அறிந்தவர், ஆழ்ந்த காதலில் இருந்தவர், சாதி வேறுபாட்டால் திருமணம் தடைபடலாம் என்பதை அறிந்தே இணங்கினார் என்றது தீர்ப்பு. 2006-இல் எட்லா சீனிவாச ராவ் வழக்கில் எதிர்முடிவு வந்தது. அங்கே பெண் முதலில் மறுத்திருந்தார். திருமணம் என்று சொன்ன பிறகே இணங்கினார். ஊர்ப் பஞ்சாயத்தில் ஒப்புக்கொண்ட அந்த ஆள் பிறகு தலைமறைவானார். தண்டனை உறுதியானது. 2013-இல் தீபக் குலாத்தி வழக்கு இரண்டுக்கும் நடுவே கோடு போட்டது. தொடக்கத்திலிருந்தே மணக்கும் எண்ணமின்றிச் சொன்ன பொய் வேறு. எண்ணம் இருந்தும் சூழ்நிலையால் நிறைவேறாத வாக்கு வேறு. முன்னதே குற்றம்.

இந்தக் கோட்டைச் சுருக்கமான சூத்திரமாக்கியது 2019 ஆகஸ்டில் வந்த பிரமோத் சூர்யபான் பவார் வழக்கு. வாக்குறுதி சொன்ன நேரத்திலேயே பொய்யாக இருக்க வேண்டும். அந்த வாக்குறுதியே பெண்ணின் முடிவுக்கு நேரடிக் காரணமாக இருக்க வேண்டும். இன்று ரத்து மனுக்களில் அதிகம் காட்டப்படும் தீர்ப்புகளில் இதுவும் ஒன்று. இதன் விவரங்களைக் கொஞ்சம் நெருங்கிப் பார்க்க வேண்டும். புகார் கொடுத்தவர் விற்பனை வரித் துறையில் உதவி ஆணையர், பட்டியல் சாதியைச் சேர்ந்தவர். எதிர்தரப்பில் இருந்தவர் மத்திய ரிசர்வ் காவல் படை அதிகாரி. 1998 முதல் இருவருக்கும் பழக்கம், 2008-இல் திருமண வாக்குறுதி, 2014 வாக்கில் சாதியைச் சொல்லி அவர் தயங்கத் தொடங்கினார், அதன் பிறகும் உறவு தொடர்ந்தது, அவர் வேறு பெண்ணை மணந்தார், 2016-இல் புகார். பவாரின் மனுவைத் தள்ளிய பம்பாய் உயர் நீதிமன்றத்தின் முடிவை மாற்றி உச்ச நீதிமன்றம் வழக்கை ரத்து செய்தது. தடை இருப்பது தெரிந்தும் உறவு தொடர்ந்ததால், பொய் வாக்குறுதியால் மட்டும் அவர் இணங்கினார் என்று புகாரே காட்டவில்லை என்பது தீர்ப்பின் சாரம்.

வாக்கு மாறியவர்களையெல்லாம் வன்கொடுமைக் குற்றவாளியாக்கினால், காதல் முறிவுகள் எல்லாமே காவல் நிலையத்துக்கு வந்துவிடும். அந்த அளவில் தீர்ப்பின் கவலை சரி. உதய் வழக்கையும் பவார் வழக்கையும் சேர்த்துப் பார்த்தால் இன்னொன்று தெரிகிறது: சாதித் தடை பெண்ணுக்குத் தெரிந்திருந்தது என்பதே அவருக்கு எதிரான ஆதாரமாகிறது. சாதி தடையாக வரும் என்று நம் நாட்டில் தெரியாதவர் யார்? தெரிந்தும், 'நான் பார்த்துக்கொள்கிறேன், வீட்டில் பேசிச் சம்மதிக்க வைக்கிறேன்' என்று ஒருவர் சொல்வதை நம்பித்தான் பெண்கள் இணங்குகிறார்கள். அந்த உறுதிமொழி உண்மையா வெறும் ஆசைகாட்டலா என்பது குறுக்கு விசாரணையில்தான் வெளிவரும். தடையை அறிந்திருந்தார் என்ற ஒன்றை வைத்தே காகிதத்தில் தீர்த்துவிட்டால், சாதிப் படிநிலையில் கீழே தள்ளப்பட்ட பெண் எப்போதும் 'தெரிந்தே இணங்கியவர்' ஆகிவிடுவார். மேலே நிற்கும் ஆணுக்கு அதுவே காப்பாகும்.

எதிர் உதாரணமும் இருக்கிறது. 2019 ஏப்ரலில் அனுராக் சோனி வழக்கில், சத்தீஸ்கரைச் சேர்ந்த ஒரு மருத்துவர் வேறு பெண்ணுடன் திருமணம் பேசி முடித்துவிட்ட நிலையிலேயே இந்தப் பெண்ணுக்கும் வாக்குக் கொடுத்தார் என்று சாட்சியத்தில் நிரூபணமானது. உச்ச நீதிமன்றம் தண்டனையை உறுதி செய்து, காலத்தை 10 ஆண்டிலிருந்து 7 ஆண்டாகக் குறைத்தது. வாக்குறுதி முதலிலேயே பொய் என்பது வெளிவந்தது வழக்கு விசாரணையில் என்பதை மறந்துவிடக் கூடாது. அதுவே தொடக்கத்தில் ரத்தாகியிருந்தால் அந்த உண்மை புதைந்திருக்கும்.

அதன் பிறகு ரத்துத் தீர்ப்புகளில் காலக்கணக்கு மேலோங்கியது. 2024 நவம்பரில் மகேஷ் தாமு கரே வழக்கில், 2008 முதல் 2017 வரை நீடித்த உறவு என்பதைக் காட்டி உச்ச நீதிமன்றம் வழக்கை ரத்து செய்தது. நீண்ட கால உறவுகள் கசந்தபின் குற்ற வழக்காக மாறுவது கவலைக்குரிய போக்கு என்றும் குறிப்பிட்டது. 2025 மார்ச்சில் ரஜ்னீஷ் சிங் வழக்கில் உறவு 16 ஆண்டுகள். புகார் கொடுத்தவர் விரிவுரையாளர். படித்த, தன் காலில் நிற்கும் ஒருவர் அத்தனை ஆண்டுகள் வாக்குறுதியை மட்டும் நம்பிப் பணிந்திருப்பார் என்பதை ஏற்க முடியாது என்று அந்த வழக்கும் முடிக்கப்பட்டது.

திருமண வாக்குறுதி மட்டுமே குற்றச்சாட்டின் அடிப்படை என்றால், காலம் பொருத்தமான அளவுகோலே. 16 ஆண்டுகள் ஒரு பொய்யை நம்பினேன் என்பது எளிதில் ஏற்கத்தக்கதாக இருக்காது. ஆனால் ரஜ்னீஷ் சிங் வழக்கின் புகாரில் உறவின் தொடக்கம் பலவந்தமானது என்ற கூற்றும் இருந்தது. அப்படி ஒரு கூற்று இருக்கும்போது, அடுத்து வந்த ஆண்டுகளை வைத்து முதல் நாளைத் தீர்ப்பது 2013-ஆம் ஆண்டுத் திருத்தத்தின் உள்ளக்கருத்துக்கு முரண். பலவந்தம் நடந்த பிறகு, 'இனி இவரையே மணந்தால்தான் மானம் நிற்கும்' என்று அதே ஆளோடு வாழ்ந்துபோகிற பெண்கள் நம் ஊர்களில் எத்தனை பேர் என்பது, குடும்ப நீதிமன்ற வாசலில் நின்றவர்கள் எல்லோருக்கும் தெரியும். பிந்தைய இணக்கம் முந்தைய பலவந்தத்தை அழித்துவிடாது. படித்தவர், சம்பாதிப்பவர் என்பதும் சம்மதத்துக்குச் சான்றாகாது.

69-ஆம் பிரிவு கொண்டுவந்த மாற்றம்

புதிய சட்டம் இந்த வகையைத் தனியாகப் பிரித்தது. பாரதிய நியாய சன்ஹிதாவின் 69-ஆம் பிரிவு, நிறைவேற்றும் எண்ணமின்றித் திருமண வாக்குறுதி தந்தோ வஞ்சக வழியிலோ கொள்ளும் உறவை, வன்கொடுமை அல்லாத தனிக் குற்றமாக்கி 10 ஆண்டு வரை தண்டனை விதிக்கிறது. வேலை, பதவி உயர்வு தருவதாகச் சொல்வதும், அடையாளத்தை மறைத்து மணப்பதும் வஞ்சக வழிகளில் அடங்கும்.

இந்தப் பிரிவைச் சிலர் வரவேற்கிறார்கள். உடன்பட்ட உறவில் அரசு மூக்கை நுழைக்கிறது என்று சிலர் கண்டிக்கிறார்கள். ரத்து மனுக்களைப் பொறுத்தவரை இதில் ஒரு நன்மை உண்டு. பலவந்தக் குற்றச்சாட்டும் வாக்குறுதிக் குற்றச்சாட்டும் இனி ஒரே பிரிவுக்குள் கலந்துகிடக்கத் தேவையில்லை. பலவந்தம் என்று பெண் சொன்னால் அது 64-ஆம் பிரிவின் கீழ் விசாரணைக்குப் போக வேண்டும். வாக்குறுதி மட்டும் என்றால் பவார் சூத்திரத்தை வைத்து 69-ஐப் பார்க்கலாம். காவல் நிலையங்கள் இரண்டையும் ஒன்றாகக் குழைத்து எழுதும் பழக்கத்தை விட்டால்தான் இந்த நன்மை கிடைக்கும். புகாரை எழுதும்போது எந்த நாள், எந்தச் செயல், அப்போது என்ன பேசப்பட்டது என்று தனித்தனியாகப் பதிய வேண்டியது விசாரணை அதிகாரியின் கடமை. மொட்டையாக 'திருமண ஆசை காட்டிப் பலமுறை' என்று எழுதப்படும் புகார், உயர் நீதிமன்றத்தில் முதல் நாளிலேயே தோற்றுவிடும்.

சமரசம் சம்மதமாகாது

இன்னொரு வகை மனுவில், பெண்ணே வந்து வழக்கு வேண்டாம் என்பார். 2012-இல் கியான் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம், கொலை, வன்கொடுமை, கொள்ளை போன்ற கொடுங்குற்றங்களைச் சமரசத்தின் பேரில் ரத்து செய்யக் கூடாது என்றது. இவை தனிமனிதர்களுக்கு இடையிலான தகராறு அல்ல, சமூகத்துக்கு எதிரானவை என்பது காரணம். 2015-இல் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஒரு நீதிபதி, வன்கொடுமைக் குற்றத்தில் தண்டிக்கப்பட்டவரைச் சமரசப் பேச்சுக்கு அனுப்புவதற்காக ஜாமீன் தந்தது பெரும் கண்டனத்துக்கு உள்ளானது. அதே நேரத்தில் மதன்லால் வழக்கில் உச்ச நீதிமன்றம், இத்தகைய குற்றங்களில் சமரசம் என்ற பேச்சுக்கே இடமில்லை, அது பெண்ணின் கண்ணியத்துக்கு எதிரானது என்றது. சென்னை உத்தரவும் திரும்பப் பெறப்பட்டது. 2024 நவம்பரில் ராம்ஜி லால் பைர்வா வழக்கில், மாணவியிடம் அத்துமீறியதாக ஓர் ஆசிரியர் மீது, பாலியல் குற்றங்களிலிருந்து சிறாரைக் காக்கும் போக்சோ சட்டத்தின் கீழ் இருந்த வழக்கை, தந்தையோடு செய்துகொண்ட சமரசத்தின் பேரில் ரத்து செய்த ராஜஸ்தான் உயர் நீதிமன்றத்தின் உத்தரவை உச்ச நீதிமன்றம் நீக்கியது.

ஆயினும் கதவு முழுதாக மூடப்படவில்லை. 2022-இல் கபில் குப்தா வழக்கில், பெண்ணே தொடர விரும்பாத, தண்டனைக்கு வாய்ப்பே இல்லாத வழக்கு என்று கூறி உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. இந்த விதிவிலக்கை விரிக்க விரிக்கக் கட்டப்பஞ்சாயத்துக்கு வழி திறக்கும். வழக்கை வாபஸ் வாங்கச் சம்மதிப்பது, அன்று நடந்த செயலுக்குச் சம்மதித்தது ஆகாது. பணம், மிரட்டல், உறவினர் நெருக்கடி, வழக்காடிக் களைத்த உடம்பு என்று பின்வாங்க ஆயிரம் காரணம் உண்டு. அந்தக் காரணம் என்ன என்று நீதிபதி பெண்ணிடம் தனியாக, குற்றம் சாட்டப்பட்டவர் இல்லாத அறையில் கேட்டாக வேண்டும்.

18 வயதுக்குக் கீழே

2012-இல் வந்த போக்சோ சட்டம் 18 வயதுக்கு உட்பட்டவரின் சம்மதத்தைக் கணக்கிலேயே எடுப்பதில்லை. சிறுவர்களை வேட்டையாடுவோரிடமிருந்து காக்க அந்தக் கறார் தேவை. அதே கறாரில், 17 வயதுப் பெண்ணோடு ஓடிப்போன 19 வயது இளைஞனும் சிக்குகிறான். பெண்ணின் வீட்டார் புகார் கொடுக்கிறார்கள். வேறு சாதி என்றால் கேட்கவே வேண்டாம்.

இந்தச் சிக்கலை முதலில் நேராகப் பேசிய நீதிமன்றங்களில் சென்னை உயர் நீதிமன்றமும் ஒன்று. 2019-இல் சபரி வழக்கில் நீதிபதி வி. பார்த்திபன், 16 வயதுக்கு மேற்பட்டோரின் உறவுகளைத் தனியாகப் பார்க்கும்படியும் வயது இடைவெளி ஐந்து ஆண்டுக்கு மேல் போகாத வகையில் சட்டம் திருத்தப்படலாம் என்றும் யோசனை சொன்னார். 2021 ஜனவரியில் விஜயலட்சுமி வழக்கில் நீதிபதி என். ஆனந்த் வெங்கடேஷ், வளரிளம் பருவக் காதலர்களைத் தண்டிப்பது போக்சோவின் நோக்கமல்ல என்று கூறி, பெண்ணும் அவர் தாயும் கேட்டுக்கொண்டபடி ஓர் இளம் ஆட்டோ ஓட்டுநர் மீதான வழக்கை ரத்து செய்தார். 2022 டிசம்பரில் தமிழ்நாடு காவல்துறைத் தலைவர், காதல் வழக்குகளில் அவசரப்பட்டுக் கைது செய்ய வேண்டாம் என்று சுற்றறிக்கை அனுப்பினார். அதே ஆண்டு மே மாதம், தமிழ்நாட்டிலிருந்து போன தண்டபாணி வழக்கில், அக்காள் மகளை மணந்து குழந்தைகளோடு வாழ்ந்துவந்த தாய்மாமன் மீதான தண்டனையை, அந்த வழக்கின் தனித்த சூழலுக்காக மட்டும் என்று சொல்லி உச்ச நீதிமன்றம் நீக்கியது.

மறுபக்கம், 2023-இல் கல்கத்தா உயர் நீதிமன்றம் இதேபோன்ற வழக்கில் விடுதலை தந்து, வளரிளம் பெண்கள் தங்கள் ஆசையை அடக்க வேண்டும் என்று அறிவுரையும் எழுதியது. 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை நீக்கிக் குற்றத்தை உறுதி செய்தது. பிறகு குழு ஒன்றை அனுப்பி அந்தப் பெண்ணின் நிலையை அறிந்து, 2025 மே மாதம் அரசியலமைப்பின் 142-ஆம் பிரிவு தரும் சிறப்பு அதிகாரத்தால் தண்டனை விதிக்காமல் விட்டது. அந்தப் பெண்ணை அதிகம் வதைத்தது சட்ட நடைமுறைதான் என்று நீதிமன்றமே உணர்ந்தது. சட்ட ஆணையம் 2023 செப்டம்பரில் தந்த 283-ஆம் அறிக்கையில், வயதைக் குறைக்க வேண்டாம், 16 முதல் 18 வரை உள்ளவர்களின் வழக்கில் தண்டனையில் நீதிபதிக்கு வழிகாட்டப்பட்ட விருப்புரிமை தரலாம் என்றது.

நீதிபதிக்கு நீதிபதி மாறும் இந்த இரக்கத்தை நம்பி இளையோரை விடக் கூடாது. வயது நெருங்கிய இருவருக்கு விதிவிலக்கு வேண்டுமா என்பது நாடாளுமன்றம் எழுத்தில் தீர்க்க வேண்டிய கேள்வி. அதுவரை ரத்து மனுக்களில் நீதிமன்றம் பார்க்க வேண்டியது பெண்ணின் சொல்லை. பெற்றோரின் சமரசப் பத்திரத்தை அல்ல. ஆசிரியர், காப்பாளர், உறவுக்காரர் என்று அதிகார இடத்தில் இருப்பவர்களுக்கு இந்தச் சலுகை ஒருபோதும் நீளக் கூடாது.

கணவன் என்ற காப்பு

சம்மதக் கேள்வியே எழாத இடம் ஒன்று இருக்கிறது. 18 வயது நிறைந்த மனைவியிடம் கணவன் கொள்ளும் உறவு வன்கொடுமை ஆகாது என்ற விதிவிலக்கு புதிய சட்டத்திலும் தொடர்கிறது. 2022 மார்ச்சில் ரிஷிகேஷ் சாஹு வழக்கில், கணவன் மீதான வன்கொடுமைக் குற்றச்சாட்டை ரத்து செய்ய கர்நாடக உயர் நீதிமன்றம் மறுத்தது. கொடுமைக்குக் கணவன் என்ற பெயர் உரிமம் ஆகாது என்ற துணிவான நிலைப்பாடு அது. அதை உச்ச நீதிமன்றம் நிறுத்தி வைத்தது. 2022 மே மாதம் தில்லி உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகளும் இந்த விதிவிலக்கு பற்றி இரு வேறு தீர்ப்பு தந்தார்கள். எந்தச் செயலுக்கும் தனித்தனியே சம்மதம் வேண்டும் என்று ஒரு பக்கத்தில் எழுதிய சட்டம், திருமணம் என்றதும் ஒட்டுமொத்தமாக, வாழ்நாள் முழுவதற்குமான சம்மதத்தை ஊகித்துக்கொள்வது தன்னையே மறுப்பதாகும்.

எது சரியான கேள்வி?

இத்தனை தீர்ப்புகளையும் தொகுத்துப் பார்த்தால், ரத்து மனுவில் நீதிபதி தன்னிடம் கேட்க வேண்டிய கேள்வி, 'இந்தப் பெண் சம்மதித்தாரா?' என்பதல்ல என்று புரியும். 'சம்மதிக்கவில்லை என்று இவர் சொல்வதை உண்மை என்று கொண்டால், அதை விசாரிக்க இங்கே ஏதாவது இருக்கிறதா?' என்பதே அந்தக் கட்டத்துக்குரிய கேள்வி. முதல் கேள்விக்கு விடை சொல்ல சாட்சியம் வேண்டும். இரண்டாவது கேள்விக்குப் புகாரும் மறுக்க முடியாத ஆவணமும் போதும். முதல் கேள்வியை இரண்டாவதன் இடத்தில் வைக்கும்போதெல்லாம் பெண்ணின் நடத்தை பற்றிய பழைய ஊகங்கள் உள்ளே வந்துவிடுகின்றன. 2021-இல் அபர்ணா பட் வழக்கில் உச்ச நீதிமன்றம் இத்தகைய ஊகங்களை உத்தரவுகளில் எழுதக் கூடாது என்று எல்லா நீதிமன்றங்களுக்கும் கட்டளையிட்டது. அது ஜாமீன் உத்தரவை ஒட்டி வந்தது என்றாலும் ரத்து உத்தரவுக்கும் அது அப்படியே பொருந்தும்.

பொய் வழக்கில் மாட்டியவரின் துயரத்தை இதற்காக மறந்துவிடக் கூடாது. வன்கொடுமைக் குற்றச்சாட்டு ஒருவர் மீது விழுந்தால் வேலை போகும், கடவுச்சீட்டு முடங்கும், குடும்பம் தெருவில் தலைகாட்ட முடியாது. வழக்கு முடிய எட்டு பத்து ஆண்டுகள் ஆனால் அதுவே தண்டனை. பிரசாந்த் பாரதி போன்ற வழக்குகளில் கதவு திறக்க வேண்டும், விரைவாகவும் திறக்க வேண்டும். ஆனால் விசாரணை தாமதமாவதற்கு மருந்து, மகிளா நீதிமன்றங்களையும் தடயவியல் ஆய்வகங்களையும் அரசு வழக்கறிஞர்களையும் கூட்டுவதே. விசாரணையே இல்லாமல் முடிப்பது அந்தத் தாமதத்தின் விலையைப் புகார் கொடுத்த பெண்ணின் தலையில் கட்டுவதாகும்.

உயர் நீதிமன்றங்கள் இன்றே, எந்தச் சட்டத் திருத்தத்துக்கும் காத்திராமல், மூன்றைச் செய்ய முடியும். முதலாவது, ரத்து மனுவில் புகார்தாரரைத் தவறாமல் கேட்பது. வழக்கின் ஒவ்வொரு கட்டத்திலும் பாதிக்கப்பட்டவருக்குக் கேட்கப்படும் உரிமை உண்டு என்று 2022-இல் ஜக்ஜித் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. வழக்கறிஞர் வைக்க வசதியில்லாதவருக்கு சட்டப் பணிகள் ஆணைக்குழு வழியாக ஒருவரை அமர்த்த வேண்டும். இரண்டாவது, புகாரில் சொல்லப்பட்ட ஒவ்வொரு செயலையும் தனித்தனியே எடுத்து, எதில் பலவந்தம், எதில் வாக்குறுதி என்று உத்தரவில் எழுதுவது. ஒன்றில் பலவந்தம் சொல்லப்பட்டிருந்தால், பிந்தைய ஆண்டுகளைக் காட்டி அதை அழிக்காதிருப்பது. மூன்றாவது, உறவின் நீளத்தையும் பெண்ணின் படிப்பையும் சாதித் தடை பற்றிய அவரது அறிவையும் தனித்து ஒரு காரணமாக வைக்காமல், புகாரில் சொல்லப்பட்ட குறிப்பிட்ட பொய்யோடு பொருத்திப் பார்ப்பது.

1979-இல் நான்கு பேராசிரியர்கள் எழுப்பிய குரலால் சட்டம் மாறியது. சட்டப் புத்தகத்தில் சம்மதத்துக்கு இன்றிருக்கும் இலக்கணம் தெளிவானது, குறை நடைமுறையில்தான். அந்த இலக்கணத்தை இறுதித் தீர்ப்பில் மட்டும் நினைவுகூர்ந்தால் போதாது. கூண்டில் ஏறி ஒரு சொல் சொல்வதற்கு முன்பே பெண்ணின் வழக்கை முடித்துவைக்கும் ரத்து உத்தரவுகளில்தான் அது அதிகம் தேவைப்படுகிறது. அங்கே அதைக் கடைப்பிடிக்கும் பொறுப்பு உயர் நீதிமன்ற நீதிபதிகளுடையது. அதைக் கேட்டுப் பெறும் உரிமை நம் எல்லோருடையதும்.